எழுத்தில்

மாசி பிறந்து மூன்றாம் நாள் மனுக் கொடுத்தேன்.
வைகாசி இருபத்தொன்று கல்யாணம்.
நூறு நாளுக்கு மேல் இருக்கிறதே,
அதற்குள் ஒரு கையெழுத்து விழாதா என்று
பத்திரிகையில் அவர் பெயரைக்
கொட்டை எழுத்தில் போடச் சொன்னேன்.
அந்தப் பத்திரிகைதான் மனுவில்
இணைப்பு மூன்று.

அஸ்தம்பட்டிச் சிறை எதிரே
பெட்டிக்கடைக்காரருக்கு என் முகம் பழக்கம்.
"வந்துச்சாம்மா?" என்பார்.
ஆளைக் கேட்கவில்லை, அறிக்கையை.
நன்னடத்தை அலுவலர் அறிக்கை வந்துவிட்டது.
காவல் நிலையத்து அறிக்கை வரவில்லை.
நிலையத்தில் கேட்டால்
அனுப்பியாயிற்று என்கிறார்கள்.
செவ்வாய்பேட்டைக்கும் அஸ்தம்பட்டிக்கும் நடுவே
அப்படியென்ன கடலா கிடக்கிறது?
ஒரு காகிதம் நடந்தே போய்ச் சேர்ந்திருக்கலாம்.

கோகிலாவைத் தாரை வார்த்தது
கொழுந்தனும் அவன் பெண்டாட்டியும்.
நான் பந்தியில்
அப்பளம் வைத்துக்கொண்டிருந்தேன்.

மூன்றாம் நாள் ஏட்டு வந்தார்.
வாசலில் வாழைமரம் வாடிச் சாய்ந்திருந்தது.
"கல்யாணம் எப்பம்மா?" என்றார்.
லட்டு மிச்சமிருந்தது. கொடுத்தேன்.
தின்றுகொண்டே சொன்னார்,
கந்தம்பட்டிக்கும் போய் விசாரித்தாராம்.
என் வீட்டுக்காரர் மாதையன் கையால்
செத்துப்போனவரின் வீடு.
"பொண்ணு கல்யாணத்துக்குத்தானே,
வந்துட்டுப் போகட்டும்"
என்றாளாம் அந்த அம்மா.
அப்புறம் நெடுநேரம்
என்னால் வளையம் கோக்க முடியவில்லை.
வெள்ளிப்பொடி மடியில் கொட்டிக் கிடந்தது.

ஏற்காடு எக்ஸ்பிரஸ், முன்பதிவில்லாத பெட்டி.
சென்னையில் வக்கீல் ஜெசிந்தாவுக்கு
என் மகளைவிட நாலு வயது கூட இருக்கும்.
"கல்யாணம்தான் முடிஞ்சுபோச்சே" என்றேன்.
"முடியட்டும் அக்கா. மனு முடியலையே."
"கோர்ட்டு அவரை அனுப்பச் சொல்லுமா?"
"சொல்லாது. முடிவெடுன்னு சொல்லும்."
"என்ன முடிவு?"
"ஏதோ ஒண்ணு."

இதற்கா ராத்திரி முழுக்க
கக்கூஸ் ஓரம் உட்கார்ந்து வந்தேன்?
ஆனால் கிளம்பும்போது அவள் சொன்னது
காட்பாடி தாண்டியும் காதில் கிடந்தது:
இல்லை என்றால்
அதை எதிர்த்து வழக்குப் போடலாம்.
வாயே திறக்காதவனை
வாயைத் திற என்றுதான்
வழக்குப் போட முடியும்.

எங்கள் முறை வந்து
ஒன்றரை நிமிடம் நின்றது.
பரிசீலனையில் உள்ளது என்றார் அரசு வக்கீல்.
எத்தனை மாதமாக என்றார் நீதிபதி.
அரசு வக்கீல் காகிதம் புரட்டினார்.
அந்தச் சத்தம் எனக்குப் பிடித்திருந்தது.
இத்தனை நாளில்
எங்கள் கோப்பை ஒருவர் புரட்டி
நான் கேட்டது அதுதான் முதல் தடவை.

நாலு வாரம்.

இருபத்தெட்டாம் நாள் சாயங்காலம்
பதிவுத் தபால்.
"மனுவில் கண்ட காரணம் முடிவுற்றபடியால்
கோரிக்கை நிராகரிக்கப்படுகிறது."
தேதி, முத்திரை, பச்சை மை.
மூன்று தடவை படித்தேன்,
சிரித்துவிட்டேன் போலிருக்கிறது.
நல்ல சேதியாக்கும் என்று
பக்கத்து வீட்டு ருக்குமணி
ஈரக்கையோடு ஓடிவந்தாள்.

நேர்காணல் நாளில் அவரிடம் சொன்னேன்,
இல்லைன்னுட்டாங்க.
கம்பிக்கு அந்தப் பக்கம் கொஞ்சம் நிமிர்ந்தார்.
"எழுத்துலயா?"

எதிர்த்தும் போட்டாயிற்று.
அது பாட்டுக்கு அது நடக்கட்டும்,
புதுசாகவும் ஒன்று போடுவோம்,
இந்தத் தடவை
தூரத்துத் தேதியாகப் பாருங்கள் என்றாள் ஜெசிந்தா.
கோகிலாவுக்கு மூன்று மாதம்.
வளைகாப்பு ரொம்பப் பக்கம்.
பிரசவம் நம் கையில் இல்லை.
காரணம் என்ற கட்டத்தில்
யோசித்து யோசித்து எழுதினேன்:
பேரப்பிள்ளைக்குக் காதுகுத்து.
பெயர் பின்னர் தெரிவிக்கப்படும்.

காதுகுத்துக்குத் தாய்மாமன் மடிதானே வேண்டும்,
தாத்தா எதற்கு என்று
எவராவது கேட்பார்கள்.
கேட்கட்டும்.
எழுத்தில் கேட்கட்டும்.