வட்டி

இருபத்து மூன்று வருடம், ஏழு படம்.
ஐந்தாவதை மட்டும் யார் கேட்டாலும்
பிரதி இல்லை என்று சொல்லிவிடுவேன்.
இருக்கிறது. பீரோவில், சேலைகளுக்கு அடியில்.

முதல் படம் வாலிநோக்கத்து உப்பளம்.
பாத்தியில் நின்றவர்களிடம் கூலியைக் கேட்டேன்,
முதலாளியிடம் லாபத்தைக் கேட்டேன்.
இரண்டு பதிலுக்கும் நடுவே ஒரு வெட்டு.
அன்றைக்கு எனக்குத் தெரிந்த அரசியல் அவ்வளவுதான்.
பரமக்குடியில் திரையிட்டபோது
பத்தாவது நிமிடம் கரண்ட் போனது.
எதிர்வீட்டில் விளக்கு எரிந்துகொண்டிருந்தது.
சந்தோஷமாகத்தான் இருந்தது,
நம்மைப் பார்த்தும் யாரோ பயப்படுகிறார்கள் என்று.

மூன்றாவதில் தணிக்கைக்குழு
"கடற்படை" என்ற சொல் வருகிற இடமெல்லாம்
சத்தத்தை நிறுத்தச் சொன்னது.
தங்கச்சிமடத்து அந்தோணிப்பிச்சை
பதினாறு இடத்தில் வாயை மட்டும் அசைக்கிறார்.
இந்தக் கரையில் எல்லோருக்கும்
அந்த வாயைப் படிக்கத் தெரியும்.

ஐந்தாவது, சின்னப்பாலம்.
பாசி எடுக்கப் போகும் பெண்களோடு
தீவுக்கு நானும் போனேன்.
விரல்களில் துணி சுற்றி, சேலைமேல் ஆண்சட்டை,
செருப்பு ரப்பரை வெட்டிப் பாதத்தில் கட்டி
ஒரே மூச்சில் உள்ளே போய்
மரிக்கொழுந்துப் பாசியோடு மேலே வருவாள் முத்துராக்கு.
கேமராவைப் பார்க்காதே என்றேன்.
பார்த்தாள். சிரித்தாள்.
அந்தச் சிரிப்பில்தான் படத்தை முடித்தேன்.

டில்லியில் கைதட்டினார்கள்.
நான்கு மாதம் கழித்து வனத்துறை ஆபீஸில்
யாரோ ஒருவர் அதே படத்தை
நிறுத்தி நிறுத்திப் பார்த்திருக்கிறார்.
பதினோரு பெண்கள். தலைக்கு மூவாயிரம்.
இரண்டு வல்லம் பறிமுதல்.
அத்தனை தெளிவாக எடுத்திருந்தேன்.

பிறகு எடுத்த இரண்டிலும் முகமே கிடையாது.
கை, கணுக்கால், ஈர முதுகு,
காயும் வலைக்குப் பின்னால் நகரும் நிழல்.
"முகத்தை மறுக்கும் திரைமொழி" என்று
ஒரு பத்திரிகையில் மூன்று பக்கம்.
விருதுப் பட்டயத்திலும் அதையே அச்சடித்திருந்தார்கள்.
மேடையில் நன்றி சொன்னேன்.
வேறென்ன சொல்ல.

இந்தக் கச்சான் காற்றில் திரும்ப வந்திருக்கிறேன்.
கரையேறி வந்தவளிடம்
அபராதப் பணம் என்று கவரை நீட்டினேன்.
ஈரக்கையைச் சட்டையில் துடைத்துவிட்டு எண்ணினாள்.
"வட்டி?" என்றாள்.
நான் பையைத் துழாவ,
"அட, சும்மா கேட்டேன் தாயி" என்று
மடியில் செருகிக்கொண்டாள்.

அப்புறம் பாசியை உதறிக்கொண்டே,
"அடுத்த படத்துல எல்லாருக்கும்
காலை மட்டும் காட்டுனீகளாமே.
காலு பேசுமா?
எங்காத்தா அந்தத் தீவுல பாசி எடுத்தா, நான் எடுக்குறேன்.
இத மூஞ்சியக் காட்டிச் சொல்லணும்.
பேரையும் போடுங்க, அப்பன் பேரோட."

"மறுபடி அபராதம் போட்டால்?"

"ஒங்ககிட்ட வாங்கிக்கிறேன். இந்தத் தடவ வட்டியோட."

நெற்றியிலிருந்த தண்ணிக் கண்ணாடியைக் கழற்றினாள்.
கண்களைச் சுற்றி இரண்டு வட்டம் பதிந்திருந்தது.
எனக்கு எதிர்வெயில். ஃபோகஸ் நிற்கவில்லை.
இத்தனை வருடத்தில் முதல் முறையாக
எடுக்கட்டுமா என்று கேட்டேன்.
"இருங்க" என்று
பாசி ஒட்டிய முந்தானையால்
முகத்தைத் துடைத்தாள்.