கச்சான் தின்ற குதிரைகள்

ஸ்டியரிங்குக்குக் கீழே பதினாறு துளைச் செருகி.
அதில் என் லப்டொப் வயரைக் கொழுவும்போது
டெஸ்மன் கேட்டார்:
"நாப்பது குதிரை கூடுமோ, தங்கச்சி?"

மொன்டேரோ. மூன்று தசம் இரண்டு லீற்றர் டீசல்.
உப்புவெளியில் திமிங்கிலம் பார்க்க ஆள் ஏற்றுகிற
படகுகளை மணலில் இழுக்கிற வண்டி.
பின்னால் கொளுக்கி, கொளுக்கியில் உப்பு,
உப்புக்குக் கீழே துரு.

அன்புவழிபுரத்தில் எங்கள் தகரக் கூரை.
ஆனி மாதக் கச்சான்
கந்தளாய்க் காட்டைக் காய்ச்சி எடுத்துவந்து
கராஜுக்குள் ஊற்றுகிறது.
பொனட்டைத் தொட்ட பௌமி கையை உதறினான்.

திரையில் பெட்டி பெட்டியாய் எண்கள்.
இத்தனை சுற்றுக்கு, இத்தனை மிதிக்கு
இத்தனை துளி என்று
குளிர்ந்த ஊரில் இருந்து யாரோ எழுதிய கணக்கு.
துளியைக் கூட்டுவது இரண்டு விரல் வேலை.
அதை எரிக்கிற காற்றை
எந்தக் கடையில் வாங்குவது?

கச்சான் பொரி மாதிரி:
மூட்டை பெரிசு, நிறை இல்லை.
டர்போ எவ்வளவு விழுங்கியும் பசி ஆறாது.
அந்தப் பசிக்கு மேல் டீசலைத் திணித்தால்
பின்னால் கரும்புகை.
அது பலம் இல்லை அண்ணை,
எரியாமல் போகிற உங்கட காசு.

"மற்ற இடத்தில அறுபது எண்டு சொல்லுறாங்கள்" என்றார்.

சரி, பார்ப்போம் என்று கூட்டினேன்.
பின்னேரம் நிலாவெளி றோட்டு,
மூன்றாம் கியர், மிதி முழுசாய்க் கீழே.
பின் சீற்றில் பௌமி
புகைக்குழாய்ச் சூட்டை ஏலம் கூறினான்:
எழுநூறு, எழுநூற்றி நாற்பது, எழுநூற்றித் தொண்ணூறு,
"காலை எடுங்கோ!" என்று நான் கத்த,
இறக்கக்கண்டிப் பாலத்துக்கு இந்தப் பக்கம்
ஒரு மாடு, மாட்டுக்குப் பின்னால் ஒரு பொலிஸ்காரர்.
வண்டி நின்றது.
புகை மட்டும் எங்களை முந்திப் போய்
அவர் வெள்ளைக் கையுறையில் உட்கார்ந்தது.
பத்திரம் எல்லாம் கேட்டார். இருமிக்கொண்டே பார்த்தார்.

அன்றிரவு கூட்டியதைத் திருப்பி எடுத்தேன்.
மேல் சுற்றில் கை வைக்கவில்லை.
கீழே, ஆயிரத்து ஐந்நூறில்,
படகைக் கட்டிய வண்டி
மணலில் சில்லை ஊன்றி மூச்சுப் பிடிக்கிற இடத்தில் மட்டும்
கொஞ்சம்.
என் கணக்கில் பதினெட்டு.
பில்லில் நாற்பது என்று எழுதினேன்.
எழுதும்போது கை கூசவில்லை,
இரவு சோறு பிசையும்போது கூசியது.

இரண்டு கிழமையில் போன்:
"பரவாயில்லை. ஆனா நாப்பது மாதிரித் தெரியேல்லையே."
"கச்சான் அண்ணை" என்றேன்.
அது பொய் இல்லை.
அதனால்தான் இன்னும் மோசம்.

கார்த்திகை. வாடை திரும்பி,
படகுகள் கரையில் குப்புறப் படுத்துவிட்டன.
கூரையில் மழை. சாக்கில் சுற்றிய ஒரு பாரையோடு
டெஸ்மன் உள்ளே வந்தார், நனைந்து, சிரித்து.
"இப்பதான் தங்கச்சி நாப்பதும் வந்திருக்கு!
ஒரே நாளில ஏழு படகு ஏத்தினன்,
மூண்டு என்ர இல்லை, அயலுக்கு."

குளிர்ந்த காற்றுக்கு நிறை உண்டு.
அது ஐந்து குதிரை தந்திருக்கும், மிஞ்சினால் ஆறு.
மிச்சம் பதினாறும்
அவர் தன் நெஞ்சில் இருந்து பூட்டியவை.
சொல்ல வாய் எடுத்தேன்.
ஏழு படகு என்று அவர் மறுபடி பௌமிக்குச் சொல்லத் தொடங்கினார்,
கையால் கயிறு இழுத்துக் காட்டி.

மீனைப் பாதி பாதியாய் வெட்டினோம்.
தலை யாருக்கு என்று சண்டை.
நாற்பது போட்ட பில்லின் அடிக்கட்டை
மேசையில் கிடந்தது, செதில் ஒட்டி.
நான் தலையை
பௌமிக்கே விட்டுக்கொடுத்தேன்.
ஏன் என்று அவன் கேட்கவில்லை.