கொண்டை ஊசி

அடிவாரம் தாண்டியதும்
பக்கத்து சீட்டு அம்மாள்
எலுமிச்சம்பழத்தை மூக்கில் வைத்துக்கொண்டாள்.
"உனக்குக் குமட்டலையா?"
இல்லைங்க.
சுற்றுவதுதான் என் வேலையாக இருந்தது.

உடம்பு முதலில் திரும்பும். முகம் கடைசியில்.
எதிரே ஒரு புள்ளி,
விட்ட நொடியே மறுபடி பிடிக்க வேண்டும்.
இப்போதைக்கு
டிரைவர் கண்ணாடியில் ஆடும் சாமந்திச் சரம்.

4/20.

கொண்டைக்கு நானும் இருபது ஊசி குத்துவேன்.
எங்கோ வடக்கே, ஒரு ஜெர்மன் ஊரில்
பன்னிரண்டு குளிர்காலம் பனித்துகளாக இருந்தேன்.
இருபத்து நாலு துகளில் பதினேழாவது.
காகிதப் பனி வாய்க்குள் போகும்,
சிரித்தபடி விழுங்குவோம்.
நாயகி ஆடும்போது
ஓரத்தில் ஆறு நிமிடம்
அசையாமல் நிற்பதுதான் பாலேயில் கஷ்டம்.
கெண்டைக்கால் பிடித்து இழுக்கும்,
கைதட்டல் நம்மைத் தாண்டிப் போகும்.

செவ்வாய்ப்பேட்டையில் அப்பா
"டான்ஸ் மாதிரி ஒண்ணு" என்று சொல்லிவைத்திருக்கிறார்.
சம்பளம் கேட்டவர்களிடம் மட்டும்
கொஞ்சம் கூட்டி.

11/20. பின்சீட்டில் யாரோ வாந்தி.

ஏற்காட்டுப் பள்ளியில் பி.டி. டீச்சர் வேலை.
முன் அனுபவம் கேட்பார்கள்.
வயது முப்பத்து நாலு,
இடது கணுக்காலில் இரண்டு திருகாணி.
நின்றேன் என்றா எழுதுவது?

அம்மாள் எலுமிச்சையைக் கைவிட்டு
என் தோளில் சாய்ந்து தூங்கிப்போனாள்.
வெயிலும் விபூதியும் கலந்த வாசனை.
பஸ் வளைகிறது, நான் வளையவில்லை.
அவள் தலை நழுவாதபடி
தோளை அப்படியே வைத்திருக்கிறேன்.

17/20.
இன்னும் ஆறு நிமிடம் இருக்கும்.