கயிற்றின் நீளம்

எங்கள் வீட்டுக்கு மூலை கிடையாது.
வட்டமான கம்பளிக் கூடாரம்.
நட்ட நடுவில் இரும்படுப்பு.
'ஆபத்தான பொருள்களை ஒரு மூலையில் ஒதுக்கி வைக்கவும்'
நர்ஸ் கொடுத்த தாளை இரண்டு முறை படித்தேன்.
எந்த மூலையில்?

உலான்பாதரின் வடக்கு மேடு.
ஜனவரி இரவு, பூஜ்யத்துக்குக் கீழே முப்பத்தைந்து.
அடுப்பை அணைத்தால் குளிர் கொன்றுவிடும்.
அணைக்காவிட்டால்,
தவழ்கிறவள் ஒருத்தி இருக்கிறாள்.

பெயர் எனெபிஷ்.
'இவள் இல்லை' என்று அர்த்தம்.
கெட்டது எதுவும் வாசலில் வந்து விசாரித்தால்
சொல்வதற்கு நாங்கள் தயாராய் வைத்திருக்கும் பதில்.
அடுப்பு பெயர் கேட்பதில்லை.
கொதிக்கிற தேநீருக்குக் காது கிடையாது.

அதனால்தான் கயிறு.
கட்டில் காலிலிருந்து அவள் இடுப்புவரை.
கணவரின் அங்கிமேல் கட்டும் மஞ்சள் பட்டுக்கச்சையைக் கிழித்து
நாலாய் மடித்து நானே தைத்தது.
நிலக்கரி லாரியோடு தெற்கே போயிருப்பவர்
வந்து கேட்டால் சொல்லிக்கொள்ளலாம்.

நீளத்தை அளந்தது நானில்லை, துகுல்துர்.
ஆறு வயது.
தங்கையைக் குப்புறப் போட்டு
முகத்துக்கு முன்னால் மரக்கரண்டியை ஆட்டி ஆட்டி
அவள் விரல் எட்டிய கடைசி இடத்தில்
சாக்பீஸால் ஒரு கோடு.
ஒரு சாண் தள்ளி இன்னொன்று.
"இது எதுக்குடா?"
"நாளைக்கு வளந்துடுவா இல்ல."

அவன் இடக்கையில் மூன்று விரல்கள்
இன்னும் முழுதாய் விரியாது.
அப்போது அவனுக்குப் பத்து மாதம்.
தரையில் மின்சட்டி, அதில் ஆட்டுக்கறி சூப்பு.
உப்பை எடுக்கத் திரும்பினேன்.
அவ்வளவுதான்.

கண்ணை இமை காப்பது போல என்கிறார்கள்.
இமையும்தான் மூடுகிறது,
நிமிடத்துக்குப் பதினைந்து தடவை.

ஒவ்வொரு ஞாயிறும் மறுபடி அளப்பான்.
பிள்ளை நீள நீள
கயிறு குட்டையாகிக்கொண்டே வந்தது.

போன வாரம் நாத்தனார் வந்தாள்,
ஒன்பதாவது மாடியில் குடியிருக்கிறவள்.
சுவரிலிருந்தே சூடு வரும் வீடு.
கயிற்றைப் பார்த்தாள்.
"நாய்க்குட்டி மாதிரி கட்டி வெச்சிருக்கியே, பாவம்."
நான் ஒன்றும் சொல்லவில்லை.
சொல்ல இருந்ததெல்லாம் தொண்டையில் சுட்டது.
கையிலிருந்த தேநீர்க் கிண்ணத்தைத் தரையில் வைத்துவிட்டு
பூட்ஸின் ஜிப்பை இழுக்கக் குனிந்தாள்.
கோட்டுக்கு இந்தப் பக்கம்.

ஆவி பறந்தது.
எனெபிஷ் கிளம்பிவிட்டாள்,
முழங்கால் கம்பளத்தில் தப் தப்பென்று.

துகுல்துர் கத்தவில்லை.
விருந்தாளியிடமிருந்து வாங்குவதுபோலவே
வலக்கையில் கிண்ணம், முழங்கையைத் தாங்கி மடங்கிய இடக்கை,
எடுத்துப் பெட்டிமேல் வைத்தான்.

"எனக்கு டீ வேணாமா?" என்று சிரித்தாள்.
"இருக்கு. மேல."
அவள் பார்வை அந்த விரல்களுக்குப் போனது.
பிறகு போகும்வரை கயிற்றைப் பற்றிப் பேசவில்லை.
போகும்போது ஜிப்பைப் போட
வாசலுக்கு வெளியே, அந்தக் குளிரில் உட்கார்ந்தாள்.

நேற்று இரவு இரண்டும் தூங்கின.
எனக்கென்னவோ தோன்றி
வயிற்றால் தரையில் படுத்தேன்,
மகளின் உயரத்தில் தலையை வைத்து.

வேறொரு வீடு அது.
கட்டிலுக்கு அடிப்பக்கம் இருந்தது.
வயர்களுக்கு வால் இருந்தது.
அடுப்பின் சாம்பல் கதவு,
இழு இழு என்று கூப்பிடும் பளபளப்பான கைப்பிடியோடு
முகத்துக்கு நேரே இருந்தது.
நல்லவேளை, கோடு எனக்கும் அதற்கும் நடுவில் வெள்ளையாய்க் கிடந்தது.

தலையைத் திருப்பினேன்.
கோட்டுக்கு உள்ளே,
கயிறு எட்டும் இடத்தில்,
கம்பளத்தின் மயிரிழைகளுக்கு நடுவே
ஏதோ மின்னியது.
இலையுதிர் காலத்தில் நான் தொலைத்த ஊசி.

எடுத்துக் கழுத்துப்பட்டையில் குத்திக்கொண்டேன்.
அடுப்பில் ஒரு கைப்பிடி கரி போட்டேன்.
படுக்கப் போனவள் பாதியில் நின்றேன்.

தொலைத்தது
இரண்டு ஊசியென்று ஞாபகம்.