சசூன் டாக், விடியுமுன்

ஐஸ் கூடைகளுக்கு நடுவே குந்தி
நாடாவை இழுக்கிறேன்.
மூக்கு முதல் வால்நுனி வரை
நூற்று அறுபத்தெட்டு.
தேவ்கி தாண்டேல் முஷியைப் புரட்டித் தருகிறாள்,
ஏலம் கூவுமுன் முடி என்று.
கீறிய வயிற்றில் ஏழு,
பல்லும் முளைத்தவை.
படிவத்தில் அதற்கு ஒரே கட்டம்.

'நீரிலேயே விட்டிருக்கலாமே?'
என் அரைகுறை மராத்தி.
'டீசலுக்கு நீ கொடுப்பாயா?'

பையில் போன் துடிக்கிறது.
தாராவியிலிருந்து அம்மா:
தங்கச்சிக்குப் பால் ஊறலை,
வரும்போது நல்ல பால்சுறா ஒண்ணு,
அங்கேதானே உனக்கு வேலை.

வியாழனன்று தேவ்கியின் மகன்
கையில் துணி சுற்றி வந்தான்.
பெரிய வயிறு,
வலையை அறுத்து விட்டுட்டேன் என்றான்.
நீளம்?
அளக்கலை.

தேதி மட்டும் எழுதினேன்.
வலையின் விலையை
தேவ்கி வாய்க்குள் கூட்டிக்கொண்டிருந்தாள்.