அரை மில்லி

கொள்முதல் நிலையத்து வாசலில்
பதினோரு நாளாய் நெல் கிடக்கிறது.
ஈரம் பத்தொன்பது என்கிறது கருவி.
பதினேழைத் தாண்டினால் எடுக்க மாட்டார்கள்.
தார்ப்பாய் ஓரம் காவல் படுத்த
வைரக்கண்ணுவின் கணுக்காலில்
கண்ணாடிவிரியன்
ஈரமெல்லாம் பார்க்கவில்லை.

இரவு பதினொன்று நாற்பது.
கோட்டூர்ப் பக்கத்து ஆரம்ப சுகாதார நிலையத்தில்
நானும் இன்வெர்ட்டரும் மட்டும் விழித்திருந்தோம்.
மொபெட்டில் நடுவே உட்காரவைத்து
பின்னால் தையல்நாயகி அணைத்துப் பிடித்து
வந்து சேர்ந்தார்கள்.
கயிறு கட்டவில்லை, பிளேடால் கீறவில்லை,
அந்த மட்டில் புண்ணியம்.

கண்ணாடிக் குழாயில் இரண்டு மில்லி ரத்தம்
ஆடாமல் அசையாமல் இருபது நிமிடம்.
சாய்த்தேன். தண்ணீராய் ஓடியது.
"உறையலை டாக்டர்."
"பத்துக் குப்பி போடுங்க" என்றார் நஸ்ரின் போனில்,
"அட்ரினலினைக் கையெட்டுல வச்சுக்கிட்டு ஆரம்பிங்க."

குப்பிக்குப் பத்து மில்லி நீர்.
குலுக்கினால் நுரைக்கும்,
கொழுக்கட்டை மாவைப் போல
உள்ளங்கைகளுக்கு நடுவே உருட்ட வேண்டும்.
ஒவ்வொன்றாய் இழுத்து
சலைன் பாட்டிலில் இறக்குகிறேன்.
மேட்டூரில் எத்தனை கன அடி என்று
வாய் ஓயாமல் கேட்கிற ஊர் இது.
ஒரு குழி கூடிப்போனதற்கு
அண்ணனும் தம்பியும் பேசாத ஊர்.
என் பங்குக்கு
கட்டைவிரலுக்கும் கண்ணுக்கும் இடையில்
ஒரு கறுப்புக் கோடு.

சொட்டு ஏறத் தொடங்கி எட்டாம் நிமிடம்
"அரிக்குது சிஸ்டர்" என்றார்.
கழுத்தெல்லாம் தடிப்பு. உதடு வீங்கியது.
மூச்சுக்குள் யாரோ விசிலடித்தார்கள்.
மருந்தே இப்போது கடிக்கிறது.

சொட்டை மூடினேன்.
ஆம்பூலின் லேபிளை உரக்க வாசித்தேன்:
அட்ரினலின், ஒரு மில்லியில் ஒரு மில்லிகிராம்.
எதிரே சரிபார்க்க ஆளில்லை,
என் காதுக்காவது கேட்கட்டும்.

உரக்க வாசிப்பதற்குக் காரணம் உண்டு.
போன கார்த்திகையில் கமலாம்பாளுக்கு
நாற்பது யூனிட் சிரிஞ்சில்
நூறு யூனிட் இன்சுலினை இழுத்தவள் நான்.
இரண்டரை மடங்கு.
குளுக்கோஸ் ஏற்றி
விடியும்வரை பெயர் சொல்லிக் கூப்பிட்டேன்.
பிழைத்தாள்.
திட்டக்கூட இல்லை.
இன்றும் வெண்டைக்காய் கொண்டுவந்து தருகிறாள்.
அதைச் சமைக்க எனக்குத்தான் வரமாட்டேன் என்கிறது.

ஐந்து மில்லி சிரிஞ்சைத் தள்ளிவைத்தேன்.
அதில் அரை என்பது குத்துமதிப்பு.
ஒரு மில்லி சிரிஞ்சில் அரை என்பது
ஐம்பதாவது கோடு.
சதை வரை போக வேண்டும்,
ஊசியை மட்டும் நீளமானதாய் மாற்றினேன்.

அந்த நேரம் பார்த்து இன்வெர்ட்டர் கண்மூடியது.
தையல்நாயகி போன் விளக்கை உயர்த்தினாள்.
அவள் கை ஆடியது, கோடுகளும் ஆடின.
"முழங்கையைச் சுவத்துல சாச்சுக்கம்மா."
கோடுகள் நின்றன.
ஒரு குமிழ்.
சுண்டினேன், மேலே வந்தது, வெளியே தள்ளினேன்.
கறுப்பு ரப்பரின் மேல்விளிம்பு ஐம்பதில்.

தொடையின் வெளிப்பக்கம், நடுவில், நேராக.

குனிந்து எதையோ தேடிய தையல்நாயகி
ஊசியின் மூடியை எடுத்து நீட்டினாள்,
நாம் பாத்திரத்தை மூடுவோமே, அந்தப் பழக்கம்.
"வேண்டாம்மா, திரும்ப மூடக் கூடாது.
என் விரல்ல ஏறிடும்."
வெட்டியில் ஊசி நறுக்கென்றது.
அந்தச் சத்தத்துக்குத்தான்
அவள் முதல்முறையாக அழுதாள்.

ஐந்து நிமிடம்.
விசில் தேய்ந்து தேய்ந்து
வெறும் மூச்சானது.
சொட்டை மெல்லத் திறந்தேன்.
ஒன்றேகாலுக்கு ஆம்புலன்ஸ்
திருவாரூருக்குக் கொண்டுபோனது.

காலையில் இருப்புப் பதிவேடு.
அட்ரினலின், செலவு: ஒன்று.
மிச்ச அரையைக் கொட்டியாயிற்று.
அரைக்கு அதில் கட்டம் இல்லை.

பத்து மணிக்கு மச்சினன் போன் செய்தான்.
"ரத்தம் உறையுதாம் சிஸ்டர். ஆளு பேசுறாரு.
நெல்லை எடுத்துட்டாங்களான்னு கேக்குறாரு."

எடுக்கவில்லை.
பதினெட்டில் நிற்கிறதாம்.