மாத வருமானம்: இல்லை

நான்காம் பக்கத்தில் அவன் எழுதியிருக்கிறான்,
தொழில்: கூலி.
மாத வருமானம்: இல்லை.
கையெழுத்தை மட்டும் முழுசாகப் போட்டிருக்கிறான்,
மா. சென்றாயன்.
ன்-னின் வால் மண்டி ரசீதில் போகிற மாதிரியே
கோட்டைத் தாண்டிப் போகிறது.

போச்சம்பள்ளி கோர்ட்டு வாசலில், பைக் சீட்டில் வைத்து,
வக்கீல் தில்ஷாத் எனக்கும் ஒரு தாள் தந்தார்.
"உன் செலவை எழுதும்மா. ஒண்ணு விடாம."

வாடகை ஆயிரத்து எண்ணூறு.
அரிசி ரேஷனில் வருகிறது, எழுதவில்லை.
கேஸ் இரண்டு மாதத்துக்கு ஒன்று, பாதி விலை போட்டேன்.
தருணுக்கு டவுசர், காம்பஸ் பெட்டி,
ராத்திரி இழுப்பு வந்தால் ஆட்டோ.
இங்கே எழுதும்போதே
வலது மணிக்கட்டில் சுருக்கென்றது.
தைலம் நாற்பது ரூபாய் என்று எழுதி அடித்துவிட்டேன்.
"அத எதுக்கு அடிச்ச?" என்றார் வக்கீல்.
மறுபடி எழுதினேன்.

ஏழு வருஷம் அவன் மண்டிக்குக் கணக்கு எழுதியவள்.
முதலில் செந்தூரா, அப்புறம் அல்போன்சா,
வைகாசி பிறந்தால் பெங்களூரா.
லோடு எடை, வண்டி எடை,
கழிவு நூற்றுக்கு ஐந்து, கமிஷன் பத்து.
பர்கூர் பக்கம் கூழ் ஃபேக்டரிக்கு மட்டும்
ஒரு சீசனில் இருநூற்றுப் பன்னிரண்டு லோடு.
என் கூட்டலில் தப்பு வராது.
ஒரே ஒரு நாள் ஒன்பதாயிரம் குறைந்தது.
மேசை மேல் இரண்டு கிலோ படிக்கல் இருந்தது.

அந்தப் பணம் மறுநாள்
அவன் சட்டைப் பையிலேயே இருந்தது.

கட்டுப் போட்ட கையோடு நின்றேன்.
சந்தூர் தோப்பில் அவன் பெரியப்பா ஆளைக் கூட்டினார்.
"ஒரு லட்சம் வாங்கிட்டுத் தீத்துக்க.
கோர்ட்டுக்குப் போனா மானம் போயிரும்."
யாரோடது, என்று கேட்டேன்.
சரியாக அந்த நேரம் பார்த்து டீ வந்தது.

கிருஷ்ணகிரி கலெக்டர் ஆபீஸில்
பாதுகாப்பு அலுவலர் படிவத்தை அவரே நிரப்பினார்.
அடித்ததற்கு ஒரு கட்டம். திட்டியதற்கு ஒரு கட்டம்.
மூன்றாவதில் பேனாவை வைத்துக்கொண்டு கேட்டார்,
"செலவுக்குக் காசு தராம வெச்சிருந்தாரா?"
அது எல்லா வீட்டிலும் இருக்கிறதுதானே மேடம்.
டிக் போட்டார்.
பொருளாதார வன்முறை என்று அச்சடித்திருந்தது.
அதற்கு ஒரு பேர் உண்டென்று
முப்பத்தொரு வயசில் தெரிந்தது.

மூன்று தரம் கூப்பிட்டார்கள்.
மாதேஸ்வரி, மாதேஸ்வரி, மாதேஸ்வரி.
வீட்டில் என்னை "ஏய்" என்பார்கள்.
அவன் வக்கீல் எழுந்தார்:
"மனுதாரர் படித்தவர். சம்பாதிக்கும் திறமை உள்ளவர்."
பத்தாவது தவறின தற்குறி என்று
பந்தியில் வைத்துச் சிரித்தவன்
தலையைக் குனிந்துகொண்டு அதைக் கேட்டான்.

"இவருக்கு வருமானம் இருக்குன்னு எப்படிச் சொல்றீங்க?"
நோட்டைக் கொடுத்தேன்.
மாஜிஸ்திரேட் என்னைவிடச் சின்னவர் போலிருந்தார்.
விரலில் எச்சில் தொடாமல் பக்கம் புரட்டினார்.
ஒரு ரசீதை எடுத்து, நான்காம் பக்கத்தோடு சேர்த்துப் பிடித்து,
அந்த வாலையும் இந்த வாலையும் பார்த்தார்.
"இது உங்க கையெழுத்துதானே?"
அவன் அவன் வக்கீலைப் பார்த்தான்.

மாதம் ஏழாயிரம். ஐந்தாம் தேதிக்குள். இடைக்காலம்.
இடைக்காலம்னா எவ்வளவு காலம்க்கா?
தில்ஷாத் சிரித்தார். "அடுத்த வாய்தா வரைக்கும்.
அதுக்கு அடுத்த வாய்தா வரைக்கும்."

முதல் மாதம் வந்தது.
இரண்டாம் மாதம் வரவில்லை. இன்னொரு மனு,
இன்னொரு நாள் கூலி போனது.
மூன்றாம் மாதம் அதிலே பாதி.

ஞாயிற்றுக்கிழமை சந்தையில்
இருபத்தைந்து ரூபாய்க்குப் புது நோட்டு வாங்கினேன்.
வரவு பக்கத்தில் தேதி, தொகை எழுதியாயிற்று.
என்ன வகையில் என்ற கட்டத்தில் பேனா நின்றது.
ஜீவனாம்சம் என்று எழுத வரவில்லை,
யாரோ தட்டில் போட்டது மாதிரி இருந்தது.
மண்டி வழக்கப்படியே எழுதினேன்:

பழைய பாக்கியில் வரவு மூவாயிரத்து ஐந்நூறு.
மீதி நிற்கிறது.